சிறகு கட்டியவர்கள்

சேவூரில் மாலை ஐந்து மணிக்கு மேல் நிலக்கடலைக் காட்டுப் பக்கம் நடந்து செல்வோர் ஒரு காட்சியைக் காணத் தவறுவதில்லை. அதுவரை கடலைச் செடியைக் கிளறிக்கொண்டிருந்த மயில், ஆள் அரவம் கேட்டதும் தலையை நிமிர்த்தும். நாலைந்து அடி வேகமாக ஓடும். பின்னர் பெருத்த ஓசையுடன் சிறகை அடித்து எழுந்து, வேலியைத் தாண்டி, தோட்டத்து வேப்பமரத்தின் உச்சிக் கிளையில் போய் அமரும். நான்கைந்து கிலோ எடையும், உடலைவிட நீண்ட தோகையும் கொண்ட ஒரு பறவை இப்படி மண்ணை விட்டு எழும்புவதை எத்தனை முறை பார்த்தாலும் எனக்கு வியப்பு அடங்குவதில்லை. கடலை விதைத்தவருக்கு அந்த வியப்பு இராது. அவர் கையில் இருப்பது கவண். ஆயினும் அவரும் ஒரு கணம் அண்ணாந்து பார்க்கவே செய்கிறார்.

ஏறத்தாழ ஐம்பத்தைந்து ஆண்டுகளுக்கு முன்பு இவ்வூரில் ஒரு சிறுவன் அப்படி அண்ணாந்து பார்த்ததோடு நிற்கவில்லை. அவன் என் பள்ளித் தோழன். ஒரு ஞாயிற்றுக்கிழமை பிற்பகல், வீட்டுப் பெரியவர்கள் உறங்கிய வேளையில், இரண்டு முறங்களை எடுத்துத் தன் இரு கைகளிலும் தேங்காய் நார்க்கயிற்றால் இறுகக் கட்டிக்கொண்டான். சோளத்தட்டுப் போரின் மீது ஏறினான். கீழே நின்ற எங்களிடம் மூன்று எண்ணச் சொன்னான். நாங்கள் எண்ணினோம். அவன் குதித்தான். முறங்கள் இரண்டு முறை காற்றை அடித்தன. அதற்குள் தரை வந்துவிட்டது. வலது கை எலும்பு முறிந்தது. கட்டுப் போட்டுத் திண்ணையில் கிடத்தியிருந்த பேரனின் தலையைக் கோதியபடி அவனுடைய அம்மாயி சொன்ன வார்த்தை இன்னும் என் காதில் இருக்கிறது. "சாமிக்கு ரெக்கை குடுக்கோணும்னு இருந்தா பொறக்கையிலேயே குடுத்திருக்குமே, கண்ணு."

அம்மாயியின் வாக்கில் ஞானம் இருந்தது. ஆனால் தோழனின் முறத்திலும் ஏதோ ஒன்று இருந்ததாக எனக்குத் தோன்றியது. பின்னாளில் மனிதன் பறக்க முயன்ற வரலாற்றைப் படித்தபோது, முறம் கட்டிய சிறுவர்கள் எல்லா நாட்டிலும் எல்லா நூற்றாண்டிலும் இருந்திருக்கிறார்கள் என்பதை அறிந்தேன். அவர்களுள் துறவிகள் உண்டு, குருக்கள் உண்டு, ஓவியர் உண்டு, பொறியாளர் உண்டு. பெரும்பாலோர் விழுந்தார்கள். விழுந்தவர்கள் என்ன சொன்னார்கள் என்பதைப் பற்றியதே இக்கட்டுரை.

தமிழ்க் காவியத்தின் மயில்

பறவையைப் போல ஓர் ஊர்தி செய்யும் எண்ணம் தமிழருக்குப் புதிதன்று. சமண முனிவரான திருத்தக்கதேவர் இயற்றிய சீவக சிந்தாமணியில் மயிற்பொறி ஒன்று வருகிறது. ஏமாங்கத நாட்டு மன்னன் சச்சந்தன், அரசு முழுவதையும் அமைச்சன் கட்டியங்காரனிடம் ஒப்படைத்துவிட்டு அந்தப்புரத்தில் மயங்கிக் கிடக்கிறான். அமைச்சனின் வஞ்சகம் வெளிப்படும் காலம் நெருங்குகையில், கருவுற்றிருக்கும் அரசி விசயையைக் காப்பாற்ற ஒரு மயில் வடிவ எந்திரம் செய்விக்கிறான். விசையை வலப்புறம் திருகினால் மேலே எழும். இடப்புறம் திருகினால் கீழே இறங்கும். அரசி அதனைச் செலுத்தப் பழகுகிறாள். இறுதியில் மன்னன் போரில் மடிய, மயிற்பொறி அவளைச் சுமந்து சென்று சுடுகாட்டில் இறக்குகிறது. அங்கேதான் சீவகன் பிறக்கிறான்.

நம் கொங்கு நாட்டுக்கு இன்னும் நெருக்கமான சான்றும் உண்டு. விசயமங்கலத்தோடு தொடர்புபடுத்திப் பேசப்பெறும் கொங்குவேளிர் இயற்றிய பெருங்கதையில், கருவுற்ற வாசவதத்தை வானில் பறந்து உலகைக் காண ஆசை கொள்கிறாள்; அவ்வாசையை நிறைவேற்ற வான ஊர்தி அமைகிறது. இவை கவிஞரின் கற்பனைகளே. அந்நாளில் அவ்வாறு எந்திரங்கள் பறந்தன என்று எவரேனும் கூறினால், அது காவியத்துக்கும் பெருமை சேர்க்காது, வரலாற்றுக்கும் பெருமை சேர்க்காது. ஆனால் கற்பனைக்கும் ஒரு மதிப்பு உண்டு. திருத்தக்கதேவர் தம் பொறியை வெறுமனே மந்திரத்தால் பறக்கவிடவில்லை. திருகுவதற்கு ஒரு விசை வைத்தார். அதைச் செலுத்துவதற்கு ஒரு பெண்ணைப் பழக்கினார். எழும்புவதைப் போலவே இறங்குவதற்கும் வழி வேண்டும் என்று அவர் எண்ணினார். கோபுரத்தில் ஏறிக் குதித்த பலர் எண்ணாத செய்தி அது.

வாலை மறந்த துறவி

ஒன்பதாம் நூற்றாண்டில் ஸ்பெயின் நாட்டுக் கோர்தோபா நகரில் அப்பாஸ் இப்னு ஃபிர்னாஸ் என்ற இஸ்லாமிய அறிஞர் வாழ்ந்தார். கவிதையும் கண்ணாடித் தொழிலும் வானியலும் அறிந்தவர். அவர் உடலெங்கும் இறகு போர்த்தி, இரு சிறகுகள் பொருத்தி, உயரமான இடத்திலிருந்து பாய்ந்து கணிசமான தூரம் காற்றில் மிதந்தார் என்றும், இறங்கும்போது முதுகில் பலத்த காயமுற்றார் என்றும் அல் மக்காரி என்ற வரலாற்றாசிரியர் எழுதிவைத்தார். பறவை இறங்கும்போது வாலை ஊன்றியே இறங்குகிறது என்பதை அவர் கருதவில்லை, அவருக்கு வால் இல்லை என்பதும் அக்குறிப்பிலேயே காணப்படுகிறது. அல் மக்காரி பதினேழாம் நூற்றாண்டினர். நிகழ்ச்சிக்கும் எழுத்துக்கும் இடையில் ஏழு நூற்றாண்டுகள் இருப்பதை நாம் மனத்திற் கொள்ளவேண்டும்.

இதனினும் உறுதியான சான்று இங்கிலாந்தில் கிடைக்கிறது. மாம்ஸ்பரி என்ற ஊரில் புனித ஆசீர்வாதப்பர் சபையினரின் மடம் ஒன்று இருந்தது. அங்கே ஐல்மர் என்ற இளந்துறவி, ஏறத்தாழ கி.பி. 1000-க்கும் 1010-க்கும் இடைப்பட்ட காலத்தில், கைகளிலும் கால்களிலும் சிறகுகளைப் பொருத்திக்கொண்டு கோபுரத்தின் உச்சியிலிருந்து காற்றில் பாய்ந்தார். அதே மடத்தைச் சேர்ந்த வில்லியம் என்ற துறவி, 1125-ஆம் ஆண்டளவில் எழுதிய இங்கிலாந்து மன்னர் வரலாற்றில் இதைப் பதிவு செய்தார். ஐல்மரைப் பழகி அறிந்த முதியவர்கள் அம்மடத்தில் சொல்லிவந்த செய்தியாக இது இருந்திருக்கக்கூடும். ஒரு பர்லாங்குக்கு மேல், அதாவது ஏறத்தாழ இருநூறு மீட்டர், ஐல்மர் காற்றில் சென்றார். பின்னர் காற்றின் சுழலாலும், தாம் செய்துவிட்ட துணிச்சலை எண்ணிய நடுக்கத்தாலும் நிலைகுலைந்து விழுந்தார். இரு கால்களும் முறிந்தன. வாழ்நாள் முழுவதும் ஊனமுற்றவராகவே இருந்தார்.

இனி வருவதுதான் என் உள்ளத்தை ஈர்ப்பது. தம் தோல்விக்குக் காரணமாக அவர் காற்றைக் குறை கூறவில்லை. சாத்தானைக் குறை கூறவில்லை. இறைவன் தம் அகந்தைக்குத் தந்த தண்டனை என்றும் சொல்லித் தப்பித்துக்கொள்ளவில்லை. பின்புறத்தில் வால் ஒன்று பொருத்த மறந்துவிட்டேன் என்றே அவர் சொல்லி வந்தார் என வில்லியம் எழுதுகிறார்.

அவர் சொன்னது சரியே. சிறகு உடலைத் தாங்கும். ஆனால் முன்பக்கம் கவிழாமலும் பின்பக்கம் மல்லாராமலும் உடலைச் சமன் செய்வதற்கு வால் உதவுகிறது. இன்றைய விமானங்களின் பின்பகுதியில் கிடைமட்டமாக இரு சிறு சிறகுகள் இருப்பதும் இதற்காகவே. நம் மயிலிடமும் இதைக் கற்கலாம். தோகைதான் மயிலின் வால் என்று நாம் எண்ணிக்கொள்கிறோம். அன்று. தோகை என்பது வாலின் மேலே மூடி வளரும் நீண்ட இறகுகளே. உண்மையான வால் குட்டையானது. மங்கிய பழுப்பு நிறமுடையது. தோகையின் அடியில் மறைந்திருப்பது. ஆடும்போது விரித்த தோகையைப் பின்னின்று தாங்கி நிற்பதும் அந்தக் கண்ணுக்குத் தெரியாத வாலே.

ஐல்மர் நெடுநாள் வாழ்ந்தார். 1066-இல் வானில் தோன்றிய வால்வெள்ளியை அவர் முதுமையில் கண்டு, நாட்டுக்கு வரவிருக்கும் அழிவை எண்ணிக் கலங்கினார் என்றும் வில்லியம் சொல்கிறார். அது ஹேலி வால்வெள்ளி என்பதை இன்று நாம் அறிவோம். அவ்வாண்டே நார்மானியர் இங்கிலாந்தைக் கைப்பற்றினர்.

குறிப்பேடும் தசைநாரும்

ஐல்மருக்கு ஐந்நூறு ஆண்டுகளுக்குப் பின் இத்தாலியில் லியொனார்டோ டா வின்சி பறவைகளை நோக்கிக்கொண்டிருந்தார். கூண்டுப் பறவைகளை விலைக்கு வாங்கி, கூண்டைத் திறந்து பறக்கவிட்டு மகிழ்வார் என்று அவருடைய வரலாற்றை எழுதிய வசாரி கூறுகிறார். 1505-ஆம் ஆண்டளவில் பறவைகளின் பறத்தலைப் பற்றி அவர் எழுதிய குறிப்பேடு இன்று தூரின் நகரில் உள்ளது. பறவையை இயற்கை விதிகளுக்கு உட்பட்டு இயங்கும் ஒரு கருவியாகவே அவர் கண்டார். அவ்விதிகளை அறிந்தால் மனிதனும் அக்கருவியைச் செய்யலாம் என நம்பினார். மனிதன் கையாலும் காலாலும் அசைக்கும் சிறகுகளை வரைந்து வரைந்து பார்த்தார். ஆனால் அக்குறிப்பேடு அச்சேறியது 19-ஆம் நூற்றாண்டின் இறுதியில்தான். அவர் கண்டறிந்தவை முந்நூறு ஆண்டுகளுக்கு மேல் எவருக்கும் பயன்படாமல் கிடந்தன.

சிறகை அடித்துப் பறக்கும் கனவுக்குக் கணக்கு எழுதியவர் ஜொவான்னி அல்ஃபோன்சோ பொரெல்லி. உரோமையில் ஏழைச் சிறுவர்களுக்குக் கல்வி புகட்டும் பியாரிஸ்டு சபையினரின் இல்லத்தில் தங்கி, அங்குக் கணிதம் கற்பித்தபடி வாழ்நாளின் இறுதியைக் கழித்தவர் அவர். 1679-இன் கடைசி நாளில் இறந்தார். விலங்குகளின் இயக்கத்தைப் பற்றிய அவருடைய நூல் அதன் பின்னரே வெளிவந்தது. பறவையின் மார்புத் தசையையும் மனிதனின் மார்புத் தசையையும் அவர் ஒப்பிட்டார். புறா போன்ற பறவைக்குப் பறக்கும் தசை மட்டுமே உடல் எடையில் ஏறத்தாழ ஐந்தில் ஒரு பங்கு அல்லது அதற்கும் மேல் இருக்கும். அதன் எலும்புகளில் பல உள்ளீடற்றவை. மனிதனுக்கு இவ்விரண்டும் இல்லை. ஆகவே தன் கைவலிமையை மட்டும் கொண்டு சிறகடித்து மனிதன் பறக்க இயலாது என்று பொரெல்லி முடிவு கட்டினார்.

என் தோழனின் அம்மாயி சொன்னதும் ஏறக்குறைய இதுவேயல்லவா? அவர் ஒரு வரியில் சொன்னதைப் பொரெல்லி அளந்து சொன்னார். அளந்து சொன்னதால் ஒரு நன்மை விளைந்தது. கையைக் கொண்டு முடியாது என்பது தெளிவானதால், வேறு எதைக் கொண்டு முடியும் என்ற கேள்வி பிறந்தது.

இரு குருக்கள்

சிறகை விட்டுவிட்டு வேறு வழி தேடியவர்களில் இருவர் குருக்கள். முதலாமவர் பிரான்செஸ்கோ லானா; இத்தாலியின் பிரெஷா நகரைச் சேர்ந்த சேசு சபைக் குரு. 1670-இல் வெளியிட்ட நூலில் ஒரு வானக் கப்பலின் படத்தை வரைந்தார். மெல்லிய செம்புத் தகட்டால் நான்கு பெரிய உருண்டைகள் செய்து, அவற்றினுள்ளிருக்கும் காற்றை முழுவதும் வெளியேற்றிவிட்டால் அவை சுற்றியுள்ள காற்றைவிட இலேசாகி மேலெழும். அவற்றில் ஒரு படகைத் தொங்கவிடலாம் என்பது அவர் கருத்து. கொள்கை சரியே. ஆனால் அத்தனை மெல்லிய தகட்டை வெளிக்காற்றின் அழுத்தம் நொறுக்கிவிடும் என்பதால் அது செயலுக்கு வரவில்லை.

அத்தந்தை தம் திட்டத்தை விளக்கிய பின், அது நிறைவேறாது என்பதற்கு ஒரு காரணமும் எழுதினார். செம்பின் வலுவைப் பற்றியதன்று அக்காரணம். இத்தகைய கப்பல் உண்டானால் எந்த நகரமும் பாதுகாப்பாக இராது. வானிலிருந்து வீடுகள் மீதும் கோட்டைகள் மீதும் கப்பல்கள் மீதும் தீயையும் இரும்பையும் எறிவார்கள். மனித சமுதாயத்தில் இத்தனை குழப்பம் விளைவதை இறைவன் ஒருபோதும் அனுமதிக்கமாட்டார் என்றார். அவர் கண்ட அழிவு ஒன்றுகூடப் பொய்க்கவில்லை. 1945 ஆகஸ்டில் ஹிரோஷிமாவும் நாகசாகியும் அதைக் கண்டன. பொய்த்தது அவருடைய நம்பிக்கை ஒன்றே. இறைவன் தடுத்துவிடுவார் என்று மனிதன் தன் பொறுப்பை இறைவன் மீது சுமத்துவது சரிதானா என்ற கேள்வியை அந்த நல்ல குருவின் நூல் நம்மிடம் விட்டுச் சென்றிருக்கிறது.

இரண்டாமவர் பர்த்தொலொமேயு டெ குஸ்மாவோ. பிரேசில் நாட்டில் பிறந்தவர். 1709 ஆகஸ்டில் லிஸ்பன் நகரில், போர்ச்சுகல் மன்னர் ஐந்தாம் யோவான் முன்னிலையில், வெப்பக் காற்றால் ஒரு சிறு காகிதக் கூண்டை மேலெழச் செய்து காட்டினார். பிரான்சில் மோன்கொல்ஃபியே சகோதரர்கள் பெரும் பலூனைப் பறக்கவிட்டது 1783-இல். அதற்கு எழுபது ஆண்டுகளுக்கு மேல் முந்தியது இது. வேடிக்கை என்னவென்றால், அவருடைய ஊர்திக்கு மக்கள் வைத்த பெயர் பெரும் பறவை என்னும் பொருளுடையது. பறவைத் தலையும் வாலும் சிறகும் கொண்ட ஒரு விந்தைப் படமும் அவர் பெயரால் ஐரோப்பாவெங்கும் உலவியது. வெப்பக் காற்றால் எழுந்ததைக்கூடப் பறவையாகத்தான் மக்களால் கற்பனை செய்ய முடிந்தது.

நாரையிடம் பயின்றவர்

இங்கிலாந்தில் சர் ஜார்ஜ் கெய்லி என்பவர் 1799-இல் ஒரு சிறு வெள்ளித் தகட்டில் பொறித்த படம் பறத்தலின் வரலாற்றைத் திசை திருப்பியது. பறவையின் சிறகு இரண்டு வேலைகளைச் செய்கிறது: உடலைத் தாங்குகிறது, முன்னே தள்ளுகிறது. இவ்விரண்டையும் பிரித்துவிட வேண்டும் என்றார் கெய்லி. சிறகு அசையாமல் விரிந்து நின்று தாங்கட்டும்; தள்ளுவதற்கு வேறொரு கருவி இருக்கட்டும்; சமன் செய்ய வால் இருக்கட்டும். முதுமையில், 1853-இல், தாம் செய்த சறுக்கு ஊர்தியில் தம் வண்டிக்காரரை ஏற்றிப் பள்ளத்தாக்கின் குறுக்கே விட்டார். இறங்கியதும் அவ்வண்டிக்காரர், தம்மை வேலைக்கு வைத்தது வண்டி ஓட்டத்தானே தவிரப் பறப்பதற்கு அன்று என்று கூறி வேலையை விட்டுவிட்டதாகக் கெய்லியின் குடும்பத்தார் பின்னாளில் சொல்லி வந்தனர்.

ஜெர்மனியில் ஓட்டோ லிலியென்தால் 1848-இல் பிறந்தார். சிறுவயதிலேயே தம்பி குஸ்தாவுடன் புல்வெளிகளில் நாரைகள் எழும்புவதைப் பார்த்துக்கொண்டிருப்பார். நாரை எப்போதும் காற்றை எதிர்த்து ஓடியே எழுகிறது என்பதை அவர்கள் கண்டனர். தொழிலால் பொறியாளரான ஓட்டோ, 1889-இல் பறவையின் பறத்தலே மனிதன் பறக்கும் கலைக்கு அடிப்படை என்று ஒரு நூல் எழுதினார். சிறகின் வளைவு எவ்வளவு இருந்தால் எவ்வளவு எடையைத் தாங்கும் என்பதை அளந்து அட்டவணை இட்டார். 1891 முதல் தாமே சிறகு தாங்கிக் குன்றுகளிலிருந்து பாய்ந்தார். பெர்லினுக்கு அருகில் தமக்கென்று 15 மீட்டர் உயரமுள்ள ஒரு மேட்டையே கட்டிக்கொண்டார். இரண்டாயிரம் முறைக்கு மேல் பறந்தார். 250 மீட்டர் வரை சென்றதுண்டு. 1896 ஆகஸ்ட் 9-ஆம் நாள் காற்றில் நிலைகுலைந்து ஏறத்தாழ 15 மீட்டர் உயரத்திலிருந்து விழுந்தார். முதுகெலும்பு முறிந்து மறுநாள் இறந்தார்.

ஐல்மர் ஒரு முறை பறந்தார்; லிலியென்தால் இரண்டாயிரம் முறை பறந்தார். வேறுபாடு துணிச்சலில் இல்லை. ஒவ்வொரு முறையும் கற்றதை எழுதிவைத்ததில் இருக்கிறது.

பனியன் துணியும் விமானமும்

லிலியென்தாலின் சாவுச் செய்தியை அமெரிக்காவின் டேட்டன் நகரில் இரு சகோதரர்கள் படித்தனர். மிதிவண்டிக் கடை நடத்திய வில்பர் ரைட், ஓர்வில் ரைட். அவர்களுடைய தந்தை ஒரு கிறிஸ்தவ சபையின் ஆயர். பருந்துகளும் புறாக்களும் காற்றில் சாயும்போது சிறகின் நுனியைச் சற்றே முறுக்கிச் சமன் செய்வதை வில்பர் கவனித்தார். லிலியென்தால் தம் உடலை அசைத்தே ஊர்தியைச் சமன் செய்தார்; அதற்குப் பதிலாகச் சிறகையே முறுக்கலாம் என்று அவர்கள் கண்டனர். பறவையிடமிருந்து மனிதன் கற்ற பாடங்களில் மிகப் பயன் தந்தது இதுவே. சிறகை அடிப்பதை அவர்கள் கற்கவில்லை. சாய்வதையும் நிமிர்வதையும் கற்றார்கள். 1903 டிசம்பர் 17-ஆம் நாள் அவர்களுடைய ஊர்தி 12 நொடிகளில் ஏறத்தாழ 36 மீட்டர் பறந்தது. அன்றே நான்காம் முறை 59 நொடிகள் பறந்தது.

திருப்பூர் வட்டாரத்தில் வாழும் நமக்கு அவர்கள் வரலாற்றில் ஒரு தனி இன்பம் உண்டு. அந்த ஊர்தியின் சிறகுகளைப் போர்த்தியிருந்தது பருத்தித் துணி. கடையில் கெஜக்கணக்கில் விற்ற, பெண்களின் உள்ளாடைக்குப் பயன்பட்ட வெளுக்காத மஸ்லின். சகோதரர்களே தையல் எந்திரத்தில் அமர்ந்து அதை வெட்டித் தைத்தனர். துணியின் ஊடிழை சிறகின் சட்டத்துக்குச் சாய்வாக வரும்படி வைத்துத் தைத்தால், முறுக்கும்போது கிழியாமல் துணியே தாங்கும் என்பதையும் அறிந்திருந்தனர். லிலியென்தாலின் சிறகும் காட்டரளி போன்ற வளையும் குச்சிகளின் மேல் போர்த்திய பருத்தித் துணியே. கட்டிங் மேஜையில் துணி விரிப்பவரும், ஓவர்லாக் எந்திரத்தின் முன் குனிந்திருக்கும் சகோதரியும் இதை அறிந்தால் மகிழ்வார்கள். மனிதனை முதலில் மண்ணை விட்டு எழுப்பியது அவர்கள் கையில் புரளும் பருத்தியே.

நம் நாட்டு வானம்

நம் நாட்டிலும் பறவையை நோக்கியவர் ஒருவர் இருந்தார். எர்னெஸ்ட் ஹான்பரி ஹான்கின் ஆக்ராவில் அரசாங்க இரசாயனப் பரிசோதகராக இருந்தவர். 1896-இல் கங்கை, யமுனை ஆற்று நீர் காலராக் கிருமியை அழிப்பதை ஆராய்ந்து எழுதியதற்காக அறியப்பட்டவர். அவருக்கு மற்றொரு விருப்பம் பருந்தும் கழுகும். சிறகையே அசைக்காமல் அவை மணிக்கணக்கில் வட்டமிடுவது எப்படி என்ற கேள்வி அவரை ஆட்கொண்டது. காலையில் வெயில் ஏற ஏற, எந்தப் பறவை எந்த நேரத்தில் வட்டமிடத் தொடங்குகிறது என்று நாள்தோறும் குறித்தார். இலேசான பருந்து முதலில் எழும். கனத்த பாறுக் கழுகு வெயில் நன்கு ஏறிய பின்னரே எழும். 1913-இல் இலண்டனில் வெளிவந்த அவருடைய நூலில் இந்தக் கண்டறிதல்கள் அடங்கியுள்ளன. சூடேறிய தரையிலிருந்து எழும் காற்றோட்டத்தின் மீதே அப்பறவைகள் ஏறிச் செல்கின்றன என்பதை இன்று பள்ளிச் சிறுவரும் அறிவர்.

விவிலியம் கூறும் கழுகும் இதுவாக இருக்கக்கூடும் என்று அறிஞர் கருதுவர். எபிரேய மொழியில் 'நெஷர்' என்னும் சொல் பாறுக் கழுகையும் குறிக்கும். மீக்கா இறைவாக்கினர் அப்பறவையின் வழுக்கைத் தலையைக் குறிப்பிடுவதே இதற்குச் சான்று. ஆண்டவருக்காகக் காத்திருப்போரை எசாயா 40-ஆம் அதிகாரம் கழுகோடு ஒப்பிடுவதை நாம் பலமுறை வாசகமாகக் கேட்டிருக்கிறோம். வலிமையால் சிறகடித்து எழும் பறவையை மனத்தில் கொண்டே அதைக் கேட்டோம். ஹான்கினைப் படித்த பின் எனக்கு அவ்வாசகம் வேறாக ஒலிக்கிறது. அந்தக் கனத்த பறவை பாறையின் மேல் அமர்ந்து, தரை சூடேறும் வரை காத்திருக்கிறது. காத்திருப்பதே அதன் வலிமை.

தமிழ் மண்ணில் மனிதன் எந்திர ஊர்தியில் எழுந்தது 1910-இல். சென்னை மவுண்ட் சாலையில் பெயர் பெற்ற உணவு விடுதி நடத்திவந்த ஜாக்கமோ தாஞ்செலிஸ், 1909 ஜூலையில் பிரெஞ்சுக்காரர் பிளேரியோ ஆங்கிலக் கால்வாயை விமானத்தில் கடந்ததை அறிந்து ஊக்கம் கொண்டார். தாமே வடிவமைத்து, சிம்ப்சன் நிறுவனத்தின் கோச்சுவண்டிப் பட்டறையில் ஒரு விமானத்தைக் கட்டுவித்தார். 1910 மார்ச்சில் பல்லாவரத்தில் அது பறந்தது. இந்தியாவிலேயே முதல் விமானப் பறப்பு இதுவே எனச் சென்னை வரலாற்றை எழுதியோர் கருதுவர். பின்னர் பொதுமக்களுக்கும் கட்டணம் பெற்றுக் காட்சி நடத்தினார். ரொட்டியும் மிட்டாயும் செய்தவர் கையில், கோச்சுவண்டி செய்தவர் பட்டறையில் அது உருவாயிற்று என்பது நினைக்கத்தக்கது.

இதற்கு மாறாக மற்றொரு வகைப் பெருமையும் நம் நாட்டில் வழங்குகிறது. பண்டை முனிவர் அருளியதாகச் சொல்லப்படும் வைமானிக சாஸ்திரம் என்ற நூலில் பல விமானங்கள் விவரிக்கப்பட்டுள்ளன. அவற்றுள் சகுன விமானம் என்பது பறவை வடிவினது, அசையும் சிறகுடையது. பெங்களூர் இந்திய அறிவியல் கழகத்தின் அறிஞர்கள் இந்நூலை ஆராய்ந்து 1974-இல் முடிவு வெளியிட்டனர். நூல் இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் எழுந்ததே. அதில் கூறப்படும் ஊர்திகள் பறக்க இயலாதவை என்றனர். அவ்வாறே 1895-இல் பம்பாய்க் கடற்கரையில் சிவகர் தல்பதே ஆளில்லா விமானம் ஒன்றைப் பறக்கவிட்டார் என்பதற்கும் அக்காலத்து உறுதியான சான்று கிடைக்கவில்லை.

இவ்விரண்டையும் ஐல்மரோடு வைத்துப் பார்க்கிறேன். விழுந்தவர் விழுந்தேன் என்றார்; காரணத்தையும் சொன்னார். அவர் சொன்ன காரணம் பின்வந்தோர்க்குப் பயன்பட்டது. பறந்தோம் என்று சான்றின்றிச் சொல்வதால் எவரும் ஓர் அங்குலமும் மேலே எழுவதில்லை. இறந்தகாலத்தை நேசிப்பவர் அதனிடம் பொய் சொல்லக்கூடாது.

இன்றைய வானில்

சிறகடித்துப் பறக்கும் பழைய கனவு முற்றிலும் மறையவில்லை. 1979 ஜூன் 12-ஆம் நாள் பிரையன் ஆலன் என்பவர் தம் கால்களால் மிதித்தே ஓர் இலேசான விமானத்தில் ஆங்கிலக் கால்வாயைக் கடந்தார். 2 மணி 49 நிமிடம் ஆயிற்று. 2010 ஆகஸ்டில் கனடாவின் தொராந்தோ பல்கலைக்கழக மாணவர் குழுவின் ஊர்தி, டாட் ரைக்கர்ட் என்பவரின் கால்வலிமையால் மட்டுமே சிறகை அடித்து 19 நொடிகள், 145 மீட்டர் பறந்தது. 32 மீட்டர் அகலச் சிறகும் 43 கிலோ எடையும் கொண்டது அது. பொரெல்லி கூறியது கையைப் பற்றி. கால் வெல்ல முந்நூற்று முப்பது ஆண்டுகள் ஆயின.

ஆனால் நமக்குக் கற்றுக்கொடுத்த பறவைகளின் கதி வேறு. ஹான்கின் கண்ட பாறுக் கழுகுகள் 1990-களிலிருந்து நாடெங்கும் மடிந்தன. சில இனங்களில் நூற்றுக்குத் தொண்ணூற்றைந்துக்கும் மேல் அழிந்துவிட்டன. மாடுகளுக்கு வலிநீக்க மருந்தாகக் கொடுத்த டைக்ளோஃபினாக், செத்த மாட்டைத் தின்ற கழுகின் சிறுநீரகத்தைக் கெடுத்ததே காரணம் என்று 2004-இல் தெரிய வந்தது. 2006-இல் கால்நடைக்கு அம்மருந்து தடை செய்யப்பட்டது. தமிழகத்தில் எஞ்சியவற்றுள் பெரும்பகுதி, நமக்கு வடக்கே சத்தியமங்கலத்தைக் கடந்து மோயாற்றுப் பள்ளத்தாக்கில் வாழ்கின்றன. நாம் பறக்கக் கற்றோம். ஆசிரியர்களைக் காக்க இன்னும் கற்றுக்கொண்டிருக்கிறோம்.

சேவூருக்குத் தெற்கே சூலூரில் விமானப்படைத் தளம் உள்ளது. நம் நாட்டிலேயே உருவான தேஜஸ் போர் விமானங்கள் 2018-இல் அங்கு வந்தன. வானைக் கிழிக்கும் ஓசை கேட்கும்போது கடலைக் காட்டு மயில் அகவும். லானா அடிகளாரின் அச்சமும், ரைட் சகோதரரின் தையலும், ஐல்மரின் முறிந்த கால்களும் அந்த ஓசைக்குள் இருக்கின்றன என்று நான் எண்ணிக்கொள்வதுண்டு.

முறம் கட்டிக் குதித்த என் தோழன் பிற்காலத்தில் திருப்பூரில் ஒரு பனியன் கம்பெனியில் கட்டிங் மாஸ்டராக உழைத்து ஓய்வு பெற்றான். வலது கையைத் தோளுக்கு மேல் முழுவதும் தூக்க இன்றும் இயலாது. சென்ற மாதம் அவனுடன் திண்ணையில் அமர்ந்திருந்தபோது, வாலை மறந்த துறவியின் கதையைச் சொன்னேன். நெடுநேரம் பேசாதிருந்தான். பிறகு சிரித்தான்.

"ஏப்பா, நாங்கூட வாலு கட்டலியே! அன்னைக்கு ஒருத்தன்கூடச் சொல்லலியே?"

சொல்ல எங்களுக்கும் தெரியாது. மூன்று வரை எண்ண மட்டுமே தெரிந்திருந்தது.